ஆறாகப் பிரித்த வருடம்

டிசம்பர் 1
மகள் வாலுவை அவள் அம்மா வீட்டில் விட்டுவிட்டு வந்தேன். பத்து மணி நேர ரயில். பனிக்காலம் மூன்று மாதமும் அங்கே. மார்ச் முதல் தேதிதான் இங்கே வருவாள். வருடத்தை நான்கு பருவமாக்கி, பருவத்துக்குப் பருவம் பிள்ளை மாறட்டும் என்று விவாகரத்தின்போது வக்கீல் அறையில் சொன்ன புத்திசாலி வேறு யாருமில்லை, நானேதான். மூன்று மாதம் எவ்வளவு நீளம் என்று அப்போது யோசிக்கவில்லை.

டிசம்பர் 9
என் மூக்குக்கண்ணாடிக் கடையில் ஒரு சிறுமிக்குக் கண்ணாடி மாட்டிவிட்டேன். மூக்கிலிருந்து நழுவியது. வாலுவுக்கும் இப்படித்தான் நழுவும். அங்கே யார் கண்ணாடியின் திருகாணியை முடுக்கிவிடுவார்கள்?

டிசம்பர் 17
வீடு சுத்தமாக இருக்கிறது. பிடிக்கவில்லை.

ஜனவரி 4
வாலு போனில் கத்தினாள். "அப்பா, வருஷத்துக்கு நாலு பருவம் இல்ல, ஆறு! டீச்சர் சொன்னாங்க. கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில். ஒவ்வொண்ணும் ரெண்டே மாசந்தான்!" வட்டம் வரைந்து ஆறு துண்டாக்கி வைத்திருக்கிறாளாம். "மார்கழியும் தையும் முன்பனி, அது அம்மாவுக்கு. மாசியும் பங்குனியும் பின்பனி, அது உனக்கு. பனியக்கூட ரெண்டா பங்கு போட்டிருக்காங்க பாரேன்!"
சிரித்தேன். போனை வைத்ததும் அழுதேன்.

ஜனவரி 5
வருடத்தை ஆறாகப் பிரிக்கலாமா என்று அவள் அம்மாவிடம் கேட்கலாமா? நானும் அவளும் பேசினாலே சண்டையில்தான் முடியும். மாட்டேன் என்றுவிட்டால்? நான்கு முறை போனை எடுத்தேன், நான்கு முறையும் வைத்துவிட்டேன். அப்படி என்னடா பயம் உனக்கு?

ஜனவரி 11
கேட்டுவிட்டேன். "மூணு மாசம் எனக்கும் நீளந்தாங்க. நீங்க சொன்னீங்கன்னு கையெழுத்துப் போட்டேன். ஆறாவே வச்சுக்கலாம்" என்றாள்.
இத்தனை நாளும் இதை அவள் சொல்லவில்லை. நான் மட்டும் அவளைக் கேட்டேனா?

பிப்ரவரி 13
மாசி முதல் தேதி. வந்துவிட்டாள்! அவள் அம்மாதான் கூட்டி வந்தாள். முதல் வேலையாக வாலுவின் கண்ணாடித் திருகாணியை முடுக்கினேன்.
வாலு தன் வட்டத்தை அலமாரிக் கதவில் ஒட்டினாள். ஒரு பருவம் முடிந்து அடுத்தது தொடங்கும் ஆறு கோடுகளிலும் மூன்று குச்சி மனிதர்கள். யார் இவர்கள் என்றேன்.
"நாமதான். பருவம் மாறுற அன்னைக்கு நாம மூணு பேரும் ஒண்ணா இருப்போம்ல? நாலு பருவம்னா நாலு தடவதான். இப்போ ஆறு!"
அவள் அம்மா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.
திரும்பிப் போக மூன்று மணி ரயிலுக்குச் சீட்டு எடுத்திருந்தாள். ஆறு மணி ரயிலில் போனாள்.