முதுகு காட்டி நிற்கும் குற்றவாளி

இன்று காலை தியாகராய நகரிலிருந்து நம் புத்தகக் கட்டு வந்தது. சணல் கயிற்றை அவிழ்த்து, மேல் பிரதியைத் தனியே எடுத்து மேசையில் வைத்தேன். ஜன்னல் காற்றில் அட்டை படபடத்தது. பறக்காமலிருக்க, படம் அச்சடிக்கிற அந்த பிளாக்கை அதன்மேல் தூக்கி வைத்தேன். துத்தநாகத் தகடும் மரக்கட்டையுமாக உள்ளங்கை அளவில் இருக்கிறதே, அதேதான். நான் எத்தனை முறை துடைத்தாலும் அச்சு மையும் மண்ணெண்ணெயும் கலந்த வாசனை போவதில்லை. விரலில் ஒட்டிக்கொண்டது. முகர்ந்து பார்த்ததும் உங்களுக்கு எழுத வேண்டும் என்று தோன்றிற்று. எழுதி எங்கே அனுப்புவது என்பது காகிதத்தை எடுத்த பிறகுதான் நினைவுக்கு வந்தது. போன மழைக்காலத்திலேயே நீங்கள் போய்விட்டீர்கள். இருந்தாலும் எழுதுகிறேன். உங்களிடம் பேசி முடிக்காமல் எந்த வேலையும் முடிந்ததாக எனக்குத் தோன்றுவதில்லை.

நாம் முதலில் பேசிக்கொண்டது மயிலாப்பூர் வாசகசாலையில். நான் கல்லூரியில் ஆங்கிலம் போதித்து ஓய்வு பெற்றவன். கையில் ஓர் இலக்கியக் காலாண்டிதழை விரித்து வைத்துக்கொண்டு, அதற்குள்ளே துப்பறியும் மாதப் பத்திரிகையைச் செருகிப் படித்துக்கொண்டிருப்பேன். பழைய மாணவர்கள் யாராவது பார்த்துவிடுவார்களோ என்ற பயம். நீங்கள் சாந்தோமிலிருந்து நடந்து வருவீர்கள். மாதா கோவில் பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராக இருந்தவர் என்பது மட்டும் எனக்குத் தெரியும். ஒரு நாள் எதிர் நாற்காலியிலிருந்து குனிந்து, ரகசியம் போலக் கேட்டீர்கள்.

"இன்னா வாத்தியாரே, உள்ளே யாரு செத்துட்டாங்க?"

ஜமீன்தார் என்றேன். வேறு பதில் சொல்லத் தோன்றவில்லை. நீங்கள் உடனே, "அதுல மருமகன்தான் ஆளு" என்றீர்கள். நான் பாதிதான் படித்திருந்தேன். அந்தக் கோபத்தில் அந்த வாரம் முழுவதும் வேறு மேசையில் போய் உட்கார்ந்தேன். நீங்கள் அதைக் கவனித்தீர்களா என்று கடைசிவரை நான் கேட்கவில்லை.

கையேடு தயாரிக்கும் எண்ணம் உங்களுடையது. இலக்கியப் பத்திரிகைகளுக்கு வருஷக் கடைசியில் பொருளடக்கம் போடுகிறார்கள், பைண்டு செய்து அலமாரியில் பூட்டி வைக்கிறார்கள்; துப்பறியும் கதையை மட்டும் படித்தவுடன் எடைக்குப் போட்டுவிடுகிறார்கள் என்று குறைப்பட்டீர்கள். எந்தக் கதை, எந்தப் பத்திரிகையில், எந்த வருஷம், எழுதியது யார், கொன்றது யார் என்று ஒரே இடத்தில் இருக்க வேண்டும் என்றீர்கள். நான் ஒரே ஒரு நிபந்தனை போட்டேன். கொன்றவர் பெயர் கதைக் குறிப்போடு வரக் கூடாது. புத்தகத்தின் கடைசியில் தனிப் பகுதியாக இருக்க வேண்டும். ஏன் என்று நீங்கள் கேட்கவில்லை. சிரித்துக்கொண்டே ஒப்புக்கொண்டீர்கள்.

நமக்குக் கிடைத்தவை பெரும்பாலும் முழு இதழ்கள் அல்ல. வீட்டுப் பெண்கள் தொடர்கதைப் பக்கங்களை மட்டும் கிழித்து, ஊசி நூலால் தைத்து வைத்திருந்த கட்டுகள். அட்டை இருக்காது, மாதமும் வருஷமும் இருக்காது. நான் கதைக்குள்ளேயே தேதியைத் தேடித் திணறுவேன். நீங்கள் தாளைத் திருப்புவீர்கள். மறுபக்கத்தில் பாதி வெட்டுப்பட்ட விளம்பரம் இருக்கும். மார்கழிக் கச்சேரி அறிவிப்போ, யுத்த நிதிக்குப் பணம் கேட்கும் கட்டமோ இருந்தால் அதை வைத்து மாதத்தைச் சொல்லிவிடுவீர்கள். "கதையைப் பாக்காதே வாத்தியாரே, பின்பக்கத்தைப் பாரு" என்பது உங்கள் வாய்ப்பாடு.

பதிப்பாளர் கிடைத்தது நம் அதிர்ஷ்டம். காகிதத்துக்குக் கட்டுப்பாடு இருந்த சமயம். அவருக்கு மிகவும் பிடித்தது அந்தக் கடைசிப் பகுதிதான். எல்லாக் கதைக்கும் குற்றவாளி யார் என்று உள்ளே இருக்கிறது என்பதை அட்டையிலேயே போடுவதாகச் சொன்னார். ஒன்றுகூட விட்டுப்போகக் கூடாது என்றும் சொன்னார். அங்கேதான் வந்தது வினை. ஒரு கதைக்கு மட்டும் குற்றவாளி யாரென்று தெரியாமல் விட்டுப்போயிருந்தது.

நாம் அதை 'பங்களாக் கதை' என்போம். அடையாற்றில் ஒரு பங்களா, பூட்டிய மாடி அறை, உள்ளே செத்துக் கிடக்கும் வீட்டுக்காரர். சந்தேகம் வக்கீல் மேலும் தங்கை மேலும் சமையற்காரர் மேலும் மாறி மாறிப் போகும். அடுத்த இதழில் முற்றும் என்று போட்ட அத்தியாயத்தோடு நம்மிடமிருந்த கட்டு நின்றுவிட்டது. ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று பட்டணமே காலியான சமயம் அது. பத்திரிகை அலுவலகமும் மூடியது. அந்தக் கடைசி இதழ் வெளிவரவேயில்லை.

கதையை எழுதியவர் மந்தைவெளியில் இருப்பதாக விசாரித்து அறிந்து, அழைத்துப் போனீர்கள். அவர் ஒரு வக்கீலிடம் குமாஸ்தா. நாம் புத்தகம் போடுகிறோம் என்றதும் இருக்கிற ஒரே நாற்காலியை யாருக்குக் கொடுப்பது என்று தெரியாமல் தவித்தார். கடைசி அத்தியாயத்தை எழுதிக் கொடுத்ததாக உறுதியாகச் சொன்னார். கையெழுத்துப் பிரதி அச்சாபீஸோடு போய்விட்டதாம். குற்றவாளி யார் என்று நீங்கள் கேட்டபோது அவர் முகம் மாறிவிட்டது.

"அதான் சார் கோளாறு. அப்போ மூணு பத்திரிகைக்கு ஒண்ணா எழுதிக்கினு இருந்தேன். ஒண்ணுல சமையக்காரன். ஒண்ணுல தங்கச்சி. எது எதுலன்னு இப்ப ஞாபகம் இல்ல. நீங்க வக்கீல்னு போட்டுக்குங்க. எனக்கும் ஒரு திருப்தி."

வெளியே வரும்போது எதிர்ப்புறத்து வெற்றிலைக் கடைக்காரர் அவரைப் பார்த்து, "இன்னா பாதிக் கொலை, வூட்டுக்கு ஆளுங்கல்லாம் வராங்க?" என்றார். தெருவே அவரை அப்படித்தான் கூப்பிடுகிறது என்று அவரே சொன்னார். முடிக்கத் தெரியாமல் கதையை விட்டுவிட்டு ஓடிவிட்டார் என்று வாசகர்கள் மற்றப் பத்திரிகைகளுக்குக் கடிதம் எழுதினார்களாம். அதற்குப் பிறகு எந்தப் பத்திரிகையும் அவரிடம் தொடர்கதை கேட்கவில்லை. முடித்தேன் என்று அவர் சொன்னதை ஒருவரும் நம்பவில்லை.

குளத்தங்கரை வரும்வரை நாம் தர்க்கித்துக்கொண்டே நடந்தோம். எனக்கு வக்கீல் போதும் என்று இருந்தது. "எழுதினவரே சொல்றாரோல்லியோ? இல்லேங்கறதுக்கு நாம யாரு?" என்றேன். நீங்கள் நின்றுவிட்டீர்கள்.

"இப்ப சொல்றது இப்பக் கட்டுற கதை வாத்தியாரே. அப்ப எழுதினது இன்னான்னுதானே கேக்கறோம்? நாளைக்கு எவனாவது சாட்சி கேட்டா, அந்த மனுசன் பேரு இன்னும் கெட்டுப்பூடும்."

நீங்கள் சொன்னது சரி என்று தெரிந்தது. அதைவிடப் பதிப்பாளரிடம் என்ன சொல்வது என்ற கவலைதான் பெரிதாக இருந்தது.

கடைசி அத்தியாயத்துக்குப் படமாவது தயாராகியிருக்கும், அதற்கு பிளாக் செய்தவரைத் தேட வேண்டும் என்று உங்களுக்குத்தான் தோன்றியது. அந்தப் பத்திரிகைக்கு வேலை செய்தவர் தேனாம்பேட்டையில் ஒரு தகரக் கொட்டகையில் இருந்தார். யுத்தத்தில் உலோகத்துக்கு விலை ஏறியதும் பழைய பிளாக்குகளையெல்லாம் உருக்க விற்றுவிட்டாராம். பத்திரிகைக்காரர்கள் வந்து எடுத்துக்கொள்ளாத சிலவற்றை மட்டும், என்றைக்காவது கேட்பார்கள் என்று பரணில் போட்டிருந்தார். நீங்கள் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஏறினீர்கள். தூசியில் இருமிக்கொண்டே ஒவ்வொன்றாக எடுத்து வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தீர்கள். அந்த இருமல் அன்றைக்குத் தூசியால் வந்தது என்றே நான் நினைத்தேன்.

கிடைத்த பிளாக்கில் மை தடவி, ஒரு காகிதத்தில் அழுத்தினோம். பங்களாவின் மாடிப்படி. மேல் கோட்டுப் போட்ட, கதையின் துப்பறிபவர். அவருடைய கை இன்னொருவரின் தோளில். அந்த இன்னொருவர் நமக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறார். தலையோடு சால்வை. ஆணா பெண்ணா என்றுகூடச் சொல்ல முடியாது. ஓவியருக்குத் தொழில் தெரியும். முகத்தைப் போட்டுவிட்டால் பக்கம் புரட்டுகிறவர்கள் கதையைப் படிக்க மாட்டார்கள். எனக்கு ஏமாற்றம் தாங்கவில்லை. இவ்வளவு தூரம் வந்தும் இப்படியா என்று நான் புலம்பிக்கொண்டிருந்தபோது, நீங்கள் பிளாக்கைத் திருப்பினீர்கள். மரத்தில் பென்சிலால் பத்திரிகையின் பெயரும் 'கடைசி அத்தியாயம்' என்பதும் எழுதியிருந்தன.

"படம் போட்டவன் படிச்சுட்டுத்தானே போட்டிருப்பான்?" என்று கேட்டீர்கள்.

மறுநாளே மந்தைவெளிக்குப் போனோம். குமாஸ்தா அந்தக் காகிதத்தை வாசல் வெளிச்சத்தில் பிடித்து வெகுநேரம் பார்த்தார். முதுகை வைத்துத் தனக்கே ஆள் யாரென்று தெரியவில்லை என்று சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

"நான் முடிச்சேன்னு மட்டும் போட்டுடுங்க சார். கொலைகாரன் எவனா வேணா இருந்துட்டுப் போறான்."

அதற்குப் பிறகு உங்களால் வெளியே வர முடியவில்லை. மூச்சிரைப்பு. பதிப்பாளரிடம் நான்தான் போக வேண்டும் என்று ஆயிற்று. பிளாக்கைப் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஏறினேன். இறங்கிய பிறகும் உள்ளே போகத் துணிவில்லாமல் பனகல் பார்க்கைச் சுற்றி நடந்துகொண்டிருந்தேன். பேச வேண்டியதை வரிசைப்படுத்தி வைத்திருந்தேன். அவர் எதிரில் உட்கார்ந்ததும் வரிசை மறந்துவிட்டது.

அவர் நல்ல மனிதர்தான். அட்டை அச்சாகிவிட்டது என்றும், ஒரு கதைக்குக் குற்றவாளி இல்லையென்றால் அட்டையில் போட்டது பொய்யாகும் என்றும் பொறுமையாகச் சொன்னார். "யாரு சார் வந்து கேக்கப்போறாங்க? அவரே சொல்லிட்டார்ல, வக்கீல்னு போட்டுத் தள்ளுங்க" என்றார். குளத்தங்கரையில் நான் உங்களிடம் சொன்ன அதே வார்த்தை. அவர் வாயால் கேட்டபோது எனக்குக் கூச்சமாக இருந்தது. பிளாக்கை எடுத்து மேசையில் வைத்தேன்.

"தெரிஞ்சது இவ்வளவுதான். பேருக்குப் பதிலா இந்தப் படத்தைப் போடுங்கோ. முடியாதுன்னா எங்க கையெழுத்துப் பிரதியைத் திருப்பிக் கொடுத்துடுங்கோ."

சொன்னது நான்தானா என்று எனக்கே சந்தேகமாக இருந்தது. அவர் பிளாக்கை அப்படியும் இப்படியும் திருப்பினார். பென்சில் எழுத்தைப் படித்தார். கடைசியில், "ஆள் உள்ளே நிக்கறார்ல, அட்டை பொய்யாகாது. பிளாக் செய்யற செலவும் மிச்சம்" என்று, அச்சானதும் எனக்கே திருப்பித் தருவதாகச் சொல்லி உள்ளே கொடுத்தனுப்பினார்.

நேரே சாந்தோமுக்கு வந்து உங்களிடம் சொன்னேன். தலையணையில் சாய்ந்திருந்தீர்கள். பதிப்பாளர் என்ன சொன்னார் என்பதை நீங்கள் சரியாகக் கேட்டதாகவே தெரியவில்லை. "நீயா? நீயே சொன்னியா?" என்று திரும்பத் திரும்ப அதையே கேட்டீர்கள். அடுத்த வாரம் நான் வந்தபோது உங்கள் வீட்டு வாசலில் செருப்புகள் நிறையக் கிடந்தன.

இன்று மத்தியானம் ஒரு பிரதியை எடுத்துக்கொண்டு மந்தைவெளிக்குப் போனேன். குமாஸ்தா கடைசிப் பகுதியைத் தேடி, விரல் வைத்துப் படித்தார். மற்றக் கதைகளுக்கெல்லாம் பெயர் இருக்கிறது. அவருடையதற்கு மட்டும் அந்தச் சின்னப் படமும், கீழே நீங்கள் எழுதிக் கொடுத்த வரியும். 'ஆசிரியர் எழுதி முடித்தார். இதழ் வெளிவரவில்லை. குற்றவாளி தெரியவில்லை.' செருப்பைக்கூடப் போட்டுக்கொள்ளாமல் தெருவைக் கடந்து, வெற்றிலைக் கடைக்காரரிடம் புத்தகத்தை நீட்டினார். அவர் எழுத்துக் கூட்டிப் படித்துவிட்டு, அப்படியானால் கொன்றது யார் என்று கேட்டார்.

"தெரியலைன்னு அச்சுலயே போட்டுக்கீறாங்க, பாரு" என்றார் குமாஸ்தா. பட்டம் வாங்கியவர் போல இருந்தது அவர் குரல்.

திரும்பும் வழியில் வாசகசாலைக்குள் நுழைந்தேன். இந்த மாதத்துத் துப்பறியும் பத்திரிகை வந்திருந்தது. பழக்கத்தில் கை காலாண்டிதழை நோக்கிப் போயிற்று. அதை எடுக்காமல் உட்கார்ந்தேன். எதிர் நாற்காலியில், ஒரு காலத்தில் என் வகுப்பில் இருந்த ஒருவர் நிமிர்ந்து என் கையிலிருந்த அட்டையைப் பார்த்தார். துப்பாக்கியும் ரத்தமுமாக இருந்தது அட்டை. என் காது சூடாயிற்று. வணக்கம் சொன்னார், நானும் சொன்னேன். பத்திரிகையை மூடவில்லை.