நாலு இட்லி, இரண்டு காப்பி

சுசீந்திரம்
கொல்லம் 1129, ஆவணி 12

பம்பாயில் இருக்கும் அன்பு மகன் தெய்வநாயகத்துக்கு அம்மா எழுதிக்கொண்டது. தாணுமாலயன் கிருபையால் அப்பாவும் நானும் சுகம், நீயும் சுகமாய் இருக்கத் தினமும் வேண்டுகிறேன். ஆனால் நேற்றிலிருந்து எனக்கு மனசு நிலைகொள்ளவில்லை, காரணம் நீதான்.

தை மாதம் உனக்குக் கட்டிவைக்கப்போகிற கொட்டாரம் ஊர் வடிவாம்பாளும் அவள் அம்மா பகவதியம்மாளும் நானும் நாகர்கோவிலில் படம் பார்க்கப் போனோம். அதில் ஓட்டலில் பரிமாறுகிற ஒருவன் பணக்காரப் பெண்ணைக் கட்டுவதற்காக எஸ்டேட் முதலாளி வேஷம் போடுகிறான், அவளோ இரவல் நகை போட்டுப் பணக்காரி வேஷம் போடுகிறாள். கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தேன். அப்போது அந்தப் பயல் காதில் செருகிய பென்சிலை எடுத்து யாரோ கேட்ட பலகாரத்தை ஒரு தாளில் குறித்தான், பிறகு அதே தாளின் மறுபக்கத்தில், தான் முதலாளி என்று அவளுக்குக் கடிதம் எழுதினான். என் சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது. என் தாணுமாலயா! உன் ஆடி மாதக் கடிதத்தின் பின்பக்கம் பென்சிலில் நாலு இட்லி, இரண்டு காப்பி என்று இருந்ததே, மானேஜர் வேலை என்று எழுதிய பிள்ளை வயிறாரச் சாப்பிடுகிறான் என்று பூரித்துத் தெருவெல்லாம் காட்டினேனே, பாவி மகனே, அது நீ சாப்பிட்டதா, பரிமாறியதா?

வடிவாம்பாளுக்கும் அதைக் காட்டியிருக்கிறேன். இடைவேளையில் பகவதியம்மாள் கடலை வாங்கப் போனாள், நான் அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்கவே கூசி உட்கார்ந்திருந்தேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, அத்தே, அதுக்க மேல மேசை நம்பரும் போட்டிருந்துதே, எனக்கு அன்னைக்கே தெரியும் என்றாள். பிறகு ஏன் ஏட்டி சம்மதித்தாய் என்றேன். எங்க அப்பா உங்களுக்குக் காட்டுன வயலு எங்க மாமாவுக்க வயலாக்கும் அத்தே, அதை எப்படிச் சொல்லுவேன்னு நானும் தவிச்சுக்கிட்டுக் கெடந்தேன் என்று சொல்லிச் சிரிக்கிறாள்! அதற்குப் பிறகு படத்தில் என்ன நடந்ததோ எனக்குத் தெரியாது.

அப்பாவுக்கு இன்னும் தெரியாது, பிறர் வாயால் தெரிந்தால் கல்யாணமே நின்றுவிடும். உண்மையை நீயே அவருக்கு எழுது. பரிமாறுவது கேவலம் இல்லை மக்கா, பெற்றவளிடம் பொய் சொன்னாயே, அதுதான் தாங்கவில்லை. அந்தப் பெண்ணை மட்டும் விட்டுவிடாதே. நாள் முழுக்க நிற்கிற கால், வெந்நீரில் வைத்து எண்ணெய் தடவிக்கொள். தீர்க்காயுசாய் இரு. கவர் வேண்டாம், கார்டில் எழுது, தபால்காரர் ராஜையன் வாசலில் நின்று உரக்கவே வாசிக்கட்டும், உன் சொல்லாகவே அப்பாவும் தெருவும் கேட்கட்டும். அதில் மறக்காமல், நீ என்ன சாப்பிட்டாய் என்றும் எழுது.

உன் அம்மா
தாணம்மாள்