செல்லியின் மூன்றாம் விதி

கடத்தூர்
8 ஜூன் 2025

பிரியமுள்ள தம்பி இனிகோவுக்கு,

மாதா புண்ணியத்தில் இங்கே எல்லோரும் நலம். உன் மாமாவுக்கு மட்டும் முட்டி வலி. மாத்திரையை மறப்பார், முனகலை மறக்கமாட்டார்.

நீ போனை எடுப்பதில்லை. நான் நேரில் வந்தாலும் தக்காளித் தோட்டத்துக்குள் போய் நின்றுகொள்கிறாய். தொப்பூர் இறக்கத்தில் உன் லாரிக்குப் பிரேக் போய் மூன்று வருடமாகப் போகிறது. அன்றிலிருந்து உன் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை. தொண்டையில் குறையில்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார். கைக்குமா குறை? அதனால்தான் கடிதம்.

ஓர் உதவி வேண்டும். சிறுவர் மாத இதழ் ஒன்றில் தொடர்கதை கேட்டிருக்கிறார்கள். இலவநாடு என்று ஒரு மாய நாடு. நம் ஊர் மாதிரி மலையும் பாறையும். மந்திரம் வேண்டாம், விஞ்ஞானம் போல ஏதாவது சொல்லுங்கள் என்கிறார் ஆசிரியர். நானோ தமிழ் டீச்சர். நீ இரண்டு வருடமாவது பிசிக்ஸ் படித்தவன். அந்த நாட்டுக்கு ஒரு விதி செய்து கொடு.

நேரத்துக்குச் சாப்பிடு. அம்மாவை அலையவிடாதே.

உன் அக்கா,
அருள்ராணி


மாரண்டஹள்ளி
21 ஜூன் 2025

அன்புள்ள அக்காவுக்கு,

இந்தாருங்கள் விதி.

இலவநாட்டில் பூமி எல்லாப் பொருளையும் கீழே கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறது. அந்தக் கூப்பாடுதான் எடை. பக்கத்தில் வேறு ஓசை எழுந்தால் பூமி கூப்பிடுவது பொருளின் காதில் விழாது. அதனால் எடை குறையும். இது முதல் விதி.

ஓசை எவ்வளவு கனமோ அவ்வளவு கனமான பொருளைத் தாங்கும். கொசு பாடினால் சருகு மிதக்கும். கொம்பு ஊதினால் பாரவண்டி மிதக்கும். இது இரண்டாவது. அந்த நாட்டு வண்டிகளுக்குப் பிரேக்கே தேவையில்லை. கொம்பை ஊதிக்கொண்டே மலையிறங்கலாம். எதிரே ஆள் வந்தாலும் தலைக்கு மேலே போய்விடும்.

மூன்றாவது: ஓசை நின்றால் எடை முழுவதும் அந்த நொடியே திரும்பிவிடும்.

இதைக் கண்டுபிடித்தவர் பெயர் செல்லி என்று இருக்கட்டும். மாற்றாதீர்கள்.

அம்மா நலம். தக்காளிக்கு விலை இல்லை.

தம்பி,
இனிகோ


கடத்தூர்
20 ஜூலை 2025

என் தங்கத் தம்பிக்கு,

அட, வாயை மூடிக்கொண்டு இத்தனையையா உள்ளே வைத்திருந்தாய்! உன் கடிதத்தை எட்டாம் வகுப்பில் வாசித்தேன். பிள்ளைகள் பெஞ்சைத் தட்டித் தட்டி, டஸ்டர் மிதக்கிறதா என்று பார்த்தார்கள். ஹெச்.எம். வந்து என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே!

ஒருத்தி எழுந்து, “மிஸ், ஊதுறவரு மூச்சு வாங்க நிறுத்துனா என்னாவும்?” என்றாள். எனக்குக் கதை கிடைத்துவிட்டது. முதல் அத்தியாயத்தின் முடிவில் வண்டிக்காரன் கடைசி வளைவில் கொம்பிலிருந்து வாயை எடுக்கிறான். கீழே செல்லி நிற்கிறார். எழுதி அனுப்பியும்விட்டேன்.

இன்னொன்று. வக்கீல் உன் மாமாவிடம் பேசினார். பிரேக் பழுதுதான் காரணம், டிரைவர் மேல் குற்றமில்லை என்று தீர்ப்பு நகல் வந்துவிட்டதாம். அம்மா மெழுகுவர்த்தி ஏற்றியிருப்பார். இனியாவது பேசுடா கண்ணா.

அருள்ராணி


மாரண்டஹள்ளி
29 ஜூலை 2025

அக்கா,

அந்த இடத்தை ஏன் எழுதினீர்கள்?

பிரேக் போனதும் ஹாரனில் கை வைத்தேன். இறக்கம் முழுக்க எடுக்கவில்லை. எல்லோரும் ஒதுங்கினார்கள். கடைசி வளைவில் ஒரு டேங்கர் நின்றது. மோதப் போகிறேன் என்று இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டேன். ஹாரன் நின்றது. மோதவில்லை. டேங்கரை உரசிக்கொண்டு வண்டி தாண்டிப் போனது.

டேங்கருக்கு அந்தப் பக்கம் ஒரு அம்மா, சீத்தாப்பழக் கூடையை ரோட்டோரம் விட்டுவிட்டுப் பாறையோடு ஒட்டி நின்றிருந்தார். சத்தம் நின்றதும் வண்டி போய்விட்டது என்று நினைத்துக் கூடையை எடுக்க வந்தார்.

அவர் பெயர் செல்லி. வத்தல்மலைக்காரர்.

கோர்ட்டில் பிரேக்கைப் பற்றித்தான் கேட்டார்கள். கையைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. அவர் கணவர் மல்லையன் வெளியே என் தோளைத் தொட்டு, “நீ என்னப்பா பண்ணுவே, ஆரன வுடாம அடிச்சிக்கிட்டுத்தான வந்தே” என்றார். நான் தலையாட்டினேன், அக்கா.

இனிகோ


கடத்தூர்
4 ஆகஸ்ட் 2025

தம்பி,

மூன்று தாள் கிழித்துவிட்டேன். ஒவ்வொன்றிலும் ‘உன் தப்பில்லை’ என்று எழுதினேன். படித்துப் பார்த்தால் கோர்ட் பேசியது போலவே இருந்தது.

இதழுக்குப் போன் செய்தேன். ஓசை நின்றாலும் எதிரொலி கொஞ்ச நேரம் தாங்கும் என்று மூன்றாம் விதியை மாற்றச் சொல்லிக் கெஞ்சினேன். அச்சாகிவிட்டதாம். “நல்லாத்தானே இருக்கு டீச்சர்” என்கிறார் ஆசிரியர். ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் கட்டுரை எழுதச் சொல்லித் தருகிறேன். உனக்கு எழுத எனக்கு ஒரு வார்த்தை கிடைக்கவில்லை.

ஞாயிறு பூசை முடிந்ததும் வருகிறேன். தோட்டத்துக்கு ஓடாதே. நீ பேசவேண்டாம். சும்மா பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறேன்.

அக்கா


மாரண்டஹள்ளி
14 செப்டம்பர் 2025

அன்புள்ள அக்காவுக்கு,

அன்று பக்கத்தில் உட்கார்ந்திருந்தீர்கள். அது போதுமாக இருந்தது. இதழை என் கண்ணில் காட்டக்கூடாது என்று அம்மாவிடம் சொன்னீர்களாமே. பாலக்கோடு பஸ் ஸ்டாண்டில் நானே வாங்கினேன்.

போன வாரம் அதை எடுத்துக்கொண்டு வத்தல்மலைக்குப் போனேன். வாயால் முடியாததைக் கதையாவது சொல்லட்டும் என்று. மல்லையன் என்னை அடையாளம் கண்டுகொண்டு, “வா சாமி” என்று கட்டிலைத் தட்டிப் போட்டார். அவருக்குப் படிக்கத் தெரியாது. மகள் அம்பிகா ஏழாவது படிக்கிறாள். சத்தம் போட்டு வாசித்தாள். செல்லி என்று வந்ததும், “அப்பா, அம்மா பேரு!” என்று குதித்தாள். அம்மா விஞ்ஞானியாம், அந்தப் பிள்ளைக்குச் சிரிப்புத் தாங்கவில்லை.

கடைசி வளைவு வந்தது. வாசிப்பதை நிறுத்திவிட்டாள். என்னைப் பார்த்து, “ஏண்ணா, அந்த ஆளு ஊதறத ஏன் நிறுத்துனான்?” என்று கேட்டாள்.

வாயைத் திறந்தேன் அக்கா. முழுதாகத் திறந்தேன். காற்றுதான் வந்தது.

மல்லையன் என்னைப் பார்த்தார். பிறகு மகளிடம், “ஊதறவனும் மனுசந்தான புள்ள. மூச்சு வாங்க வேணாமா?” என்றார். எழுந்து போய் ஒரு பை நிறையச் சீத்தாப்பழம் கட்டிக்கொண்டு வந்து என் கையில் கொடுத்தார்.

தெரிந்து சொன்னாரா, தெரியாமல் சொன்னாரா? கேட்கமுடியவில்லை. பழத்தைத் தின்னவும் முடியவில்லை, கொட்டவும் முடியவில்லை. அம்மா அரிசிப் பானைக்குள் வைத்திருக்கிறார். ஒவ்வொன்றாகப் பழுத்துக்கொண்டு வருகிறது.

அடுத்த மாதக் கதைக்கு அம்பிகா காத்திருக்கிறாள். அவளுக்கு என்ன எழுதப் போகிறீர்கள், அக்கா?

தம்பி,
இனிகோ