பெயர் ஓடி முடிந்த பிறகு

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுகிறேன். நீ நலமாக இருப்பாய் என்று நம்புகிறேன், இல்லாவிட்டாலும் இருக்க வேண்டும் என்றுதான் எந்த நாளும் நினைக்கிறேன். இங்கே எல்லோரும் நலம் என்று எழுதக் கை போனது, எழுதவில்லை. குளியலறைக் குழாய் ஒழுகியதைச் சரிசெய்தாகிவிட்டது, லிஃப்ட் மறுபடி நின்றுவிட்டது, உன் அக்கா மகள் பல்லுக்குக் கம்பி கட்டிக்கொண்டு வாயைத் திறக்காமல் சிரிக்கப் பழகுகிறாள். போனில் சொல்வதை விட்டுவிட்டு இவள் ஏன் காகிதத்தில் எழுதுகிறாள் என்று உனக்குத் தோன்றும். ஞாயிற்றுக்கிழமைகளில் உன் போனை நான் எடுக்காததற்கும் காரணம் ஒன்றுதான். உன்னிடம் வாயைத் திறந்தால் அது எந்த நடிகையின் வாயில் போய் உட்காருமோ என்று பயமாக இருக்கிறது.

உன் படத்துக்குப் பரிசு என்று செய்தி வந்ததும் இந்த வீடு இருந்த இருப்பு உனக்குத் தெரியாது. அக்கா தன் வீட்டுப் பெரிய டிவியையே ஆட்டோவில் ஏற்றிக் கொண்டுவந்துவிட்டாள். மாடி வீட்டு டெய்லரும் அவர் மனைவியும் வந்தார்கள், மருந்துக்கடைக்காரர் கடையைச் சீக்கிரமே சாத்திவிட்டு வந்தார். உன் அப்பாவுக்குச் சலவைச் சட்டை போட்டு, தலை சீவி, நாற்காலியில் உட்காரவைத்தோம். பக்கவாதம் வந்ததிலிருந்து அவரிடம் மிச்சமிருப்பது இரண்டே சொல், "சரி", "வேணாம்". அன்றைக்குப் படம் முடிகிற வரைக்கும் "சரி"தான். தொடக்கத்தில் உன் பெயர் வந்தபோது இடது கையால் நாற்காலியைத் தட்டித் தட்டி "சரி, சரி" என்றார். தியேட்டரில் ஆபரேட்டராக இருந்து காலமெல்லாம் ஊரார் படத்தை ஓட்டிய மனுஷர், பெற்ற பிள்ளையின் படத்தைப் பார்க்க உட்கார்ந்திருக்கிறார். அவர் கண் கலங்கியதைத் துடைத்துவிட்டது நான்தான்.

படத்தில் அந்த அம்மா படுத்த படுக்கையாய்க் கிடக்கும் கணவருக்குப் பணிவிடை செய்கிறாள். சமையலறை நம் சமையலறை. என் மூக்குக்கண்ணாடியின் உடைந்த காதுக்கு நான் சுற்றிவைத்திருக்கிற ரப்பர் பேண்டுகூட அவள் கண்ணாடியில் இருந்தது. டெய்லர் மனைவி என் தொடையில் தட்டி "அப்படியே நீங்களேதாம்மா" என்றாள், எனக்கும் அதுவரை பெருமையாகத்தான் இருந்தது. கடைசியில் அவள் ஜன்னலோரம் நின்று போனில் மகனிடம் சொல்கிறாள், "போதும்டா. இவரு சீக்கிரம் போயிட்டா நல்லது. அவருக்கும் நல்லது, எனக்கும் நல்லது." அவ்வளவுதான், திரை இருண்டு பெயர் ஓட ஆரம்பித்துவிட்டது. அக்கா ரிமோட்டை எடுத்தாள், அப்பா "வேணாம்" என்றார். பெயர் ஓடும்போது எழுந்து போகிறவர்களைக் கண்டால் அவருக்கு என்றைக்குமே ஆகாது, "இத்தனை பேரு வேலை செஞ்சிருக்கான், ரெண்டு நிமிசம் உக்கார முடியலையா"ன்னு ஆபரேட்டர் ரூமுக்குள்ளே இருந்தே திட்டுவார் என்று உனக்கும் தெரியும். அதனால் எல்லோரும் உட்கார்ந்திருந்தோம். கதை, வசனம், இயக்கம் என்று நீ வந்தாய், விளக்குப் பிடித்தவர் வந்தார், வண்டி ஓட்டியவர் வந்தார், ஒரு நாய்க்குக்கூட நன்றி சொல்லியிருந்தாய். என் பெயர் எங்கேயும் வந்துவிடக் கூடாதே என்று நான் ஒவ்வொரு வரியாகப் படித்துக்கொண்டிருந்தேன். வரவில்லை. ஓடி முடிந்ததும் அவர் மெல்லத் தலையைத் திருப்பி என்னைப் பார்த்தார். "போதும்டா" என்று யார் சொல்வார்கள், எந்தக் குரலில் சொல்வார்கள் என்று அவருக்கா தெரியாது.

அன்று ராத்திரி பாலில் ஊறவைத்த ரொட்டியை எடுத்துக்கொண்டு போனேன். வாயை இறுக மூடிக்கொண்டு "வேணாம்" என்றார். மறுநாளும் அதேதான். காலையில் வருகிற நர்ஸ் பெண் ஊட்டினால் நாலு கரண்டி இறங்குகிறது, நான் கிட்டே போனால் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொள்கிறார். அவள் மத்தியானமே போய்விடுவாள், அக்கா வருகிற நாளில் அவள் கையால் கொஞ்சம், மற்ற நேரமெல்லாம் பட்டினி. கழுத்தெலும்பு தெரிய ஆரம்பித்துவிட்டது. டாக்டர் பார்த்துவிட்டு, இப்படியே போனால் மூக்கு வழியாகக் குழாய் போட வேண்டியதுதான் என்கிறார். "என்னம்மா, கோவமா இருக்காரா"ன்னு அவர் சிரித்துக்கொண்டே கேட்டபோது எனக்கு எங்கே போய் முகத்தை வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

அக்கா உனக்கு எழுதினாள், நீ அனுப்பிய பதிலையும் வாசித்துக் காட்டினாள். "அம்மா, அது நீங்க இல்ல. அந்தப் படத்துல பேசுற 'நான்' யாருமே இல்ல. எழுதி முடிச்சதும் எழுதினவன் செத்துடுறான், அப்புறம் அர்த்தமெல்லாம் பாக்குறவங்களோடது" என்று எழுதியிருந்தாய். இதெல்லாம் எனக்கு என்ன புதிதா? உன் ஆராய்ச்சி முழுவதையும் உட்கார்ந்து டைப் அடித்தவள் நான். நீ கல்லூரியில் பாடம் எடுக்கிற அந்த ஐரோப்பியத் தத்துவக்காரர்கள் அத்தனை பேரும் என் விரல் வழியாகத்தான் போனார்கள். எழுதுகிறவன் எதையும் புதிதாக உண்டாக்குவதில்லை, ஏற்கெனவே பேசிக் கிடப்பதை எடுத்துக் கோக்கிறான், அவ்வளவுதான் என்று வந்தபோது எனக்கு ரொம்பப் பிடித்திருந்தது, நம் பிள்ளைக்குத் தலைக்கனம் வராது என்று நினைத்தேன். எடுப்பது என் வாயிலிருந்து என்று அப்போது உறைக்கவில்லை. சரி, உன் வழிக்கே வருகிறேன், அர்த்தம் பார்க்கிறவருடையது என்றே வைத்துக்கொள்வோம். பார்த்தவர் இங்கே இருக்கிறார் தம்பி, சுவரைப் பார்த்துப் படுத்திருக்கிறார். அவர் ஒரு அர்த்தம் எடுத்துக்கொண்டுவிட்டார். அதை அவரிடமிருந்து திரும்ப வாங்க உன் புத்தகத்தில் ஏதாவது வழி சொல்லியிருந்தால் எனக்கு எழுது.

இன்னொன்றையும் பார்த்தேன். பரிசு வாங்கியபோது நீ மேடையில் கொடுத்த பேட்டியை அக்கா என்னிடம் மறைத்துவைத்திருந்தாள், டெய்லர் மனைவி கொண்டுவந்து, அப்பா காதிலும் விழும்படி போட்டுக் காட்டிவிட்டாள். "கடைசி வசனம் நான் எழுதினது இல்ல, எங்க அம்மா போன்ல சொன்னது" என்கிறாய், எல்லோரும் எழுந்து நின்று கைதட்டுகிறார்கள். கைதட்டல் வாங்க அம்மா வேண்டும், கேள்வி வந்தால் யாருமே இல்லையா? எதிரே இருப்பவரின் முகம்தான் நம்மைப் பொறுப்பாளி ஆக்குகிறது என்றும் நிறையப் பேசினாய். நன்றாகத்தான் பேசினாய், எனக்கே கண் கலங்கியது. அப்புறம் எழுந்து போய் உன் அப்பாவுக்கு முதுகு துடைத்துவிட்டேன், அவர் முகத்தைக் காட்டவில்லை.

நான் சொல்லவே இல்லை என்று சாதிக்க வரவில்லை. சொன்னேன். படுக்கை விரிப்பு மாற்றி மாற்றி இடுப்பு விட்டுப்போன ஒரு நாளில், பெற்ற பிள்ளையிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வேன்? அதற்காக வெட்கப்படவும் இல்லை. ஆனால் மூக்கைச் சிந்திவிட்டு அடுத்ததாக என்ன சொன்னேன் என்று நினைவிருக்கிறதா? "ஆனா போயிட்டா அப்புறம் நான் யாரோடடா சண்ட போடுறது" என்றேன். நீ சிரித்தாய், நானும் சிரித்தேன். அதை வெட்டிவிட்டாய். அதற்கு முன்னாலேயே நிறுத்தினால்தான் படம் நிற்கும் என்று உனக்குத் தோன்றியிருக்கும். நான் அவர் கட்டிலோரம் உட்கார்ந்து அந்த மிச்சத்தை எத்தனையோ விதமாகச் சொல்லிப் பார்த்தேன். அறுந்த ஃபிலிமை ஒட்டி ஓட்டியவருக்கு ஒட்டுப் போட்ட இடம் தெரியாமல் போகுமா, நான் இப்போது இட்டுக்கட்டிச் சொல்கிறேன் என்றே நினைத்துவிட்டார். "வேணாம்" என்றார்.

ஆகையால் நீ வர வேண்டும். டிக்கெட் கிடைக்கவில்லை, வகுப்பு இருக்கிறது என்று ஆரம்பிக்காதே, வர முடியாவிட்டால் முகம் தெரிகிற மாதிரி போனிலாவது வா, நர்ஸ் பெண் பிடித்துக்கொள்வாள், நான் அறையில் இருக்க மாட்டேன். வந்து அவரிடம், "அந்த வார்த்தைய அம்மா சொல்லவே இல்லப்பா, நானா எழுதினதுதான், பேட்டியில சொன்னதும் பொய்" என்று சொல். தத்துவம் ஒன்றும் வேண்டாம். நீ சொன்னால் நம்புவார், நாற்காலியைத் தட்டியவர் அல்லவா. பொய் சொல்லச் சொல்கிறேன் என்று எனக்குத் தெரிகிறது. என்னைக் கேட்காமல் எடுத்தாய், இப்போது நானே கொடுக்கிறேன், முழுசாக எடுத்துக்கொள், எழுதியது நீ என்று நில். அதில் உன் பெயருக்குக் கொஞ்சம் கெடுதல் வரலாம், வரட்டும். எனக்கு அவர் ஒரு வாய் சாப்பிட வேண்டும்.

குளிரில் தலையை மூடாமல் வெளியே போகாதே, இருமல் வந்தால் மூன்று நாள் பார்த்துக்கொண்டிருக்காமல் டாக்டரிடம் போ. எவ்வளவு கோபம் இருந்தாலும் நீ நன்றாக இருக்க வேண்டும், உன் கைவேலை நிலைக்க வேண்டும், உன் வீடு நிறைந்திருக்க வேண்டும், அதில் எந்தக் குறையும் வைக்கவில்லை. அப்பா விழித்திருப்பது காலை நேரத்தில்தான், மத்தியானத்துக்கு மேல் கூப்பிட்டால் பயனில்லை, மறந்துவிடாதே. இந்தக் கடிதமும் உனக்கு உபயோகப்படும் என்று தோன்றினால் எடுத்துக்கொள், ஆனால் நடுவில் வெட்டாதே, கடைசி வரி வரைக்கும் எடு.

இதை எழுதியது நான்தான், இன்னும் சாகவில்லை.

உன் அம்மா