அக்காவின் கைகள்

மார்ச் 4
இயக்குநர் போனில் கத்தினார்: "படம் விழாவுக்குத் தேர்வாயிடுச்சு! பதினேழாம் தேதி மதியக் காட்சி. வீட்டுல எல்லாரையும் கூட்டிட்டு வா."
எட்டுப் பேர் சேர்ந்து, விடுமுறை நாட்களில் மட்டும், இரண்டு வருடம் எடுத்த படம். துள்ளிக் குதித்திருக்க வேண்டும். ஆனால் அக்காவும் வருவாளே.

மார்ச் 5
எழுதிவிடுகிறேன். இனி வரமாட்டேன் என்று அக்கா வீட்டுக்காரர் போனில் சொன்ன அன்று அவள் அழவில்லை. காய்ந்த துண்டை மடித்தாள், உதறினாள், மறுபடி மடித்தாள். நடுவில் ஒருமுறை சிரித்தாள். அறையில் நான் மட்டும்தான் இருந்தேன்.
ஒத்திகையில் எனக்குப் பிடிபடாமலே போன ஒரு காட்சியில் அதை அப்படியே எடுத்து நடித்துவிட்டேன். படப்பிடிப்பில் எல்லோரும் கைதட்டினார்கள். அவளைக் கேட்டா எடுத்தேன்? திருட்டுக்கு வேறு பெயர் உண்டா?

மார்ச் 9
படத்தொகுப்பாளரிடம் கெஞ்சிப் பார்த்தேன். "அதை வெட்டிட்டா மிச்சம் என்ன இருக்கு? போஸ்டரா?"

மார்ச் 12
அக்கா விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டாள். அலுவலகம் முழுக்க ஒரே பீற்றலாம்.
"வராதக்கா, போரடிக்கும்."
"ஏன்டி, முத்தம் கித்தம் குடுத்துத் தொலைச்சிருக்கியா?"
சிரித்து மழுப்பினேன். முத்தமாக இருந்திருக்கக் கூடாதா.

மார்ச் 16
இப்பவே சொல்லிடலாமா? வாய் வரைக்கும் வருது, வெளியே வரமாட்டேங்குது.

மார்ச் 17
அந்தக் காட்சி வந்தபோது நான் திரையைப் பார்க்கவில்லை. பக்கத்தில் அக்காவின் மடியைப் பார்த்தேன். கைகள் அசையவே இல்லை.
அரங்கு வாசலில் என் காதருகே சொன்னாள்: "நான் ஒரு தடவைதான் சிரிச்சேன். நீ ரெண்டு தடவை சிரிச்சுட்ட."
"அக்கா—"
"நல்லாத்தான் இருந்துச்சு. அடுத்த தடவை முன்னாடியே சொல்லிடு, கதவைச் சாத்திக்கிறேன். போ, உன்னைத் தேடுறாங்க."

மார்ச் 18
அக்கா என் கன்னத்தில் ஓர் அறை விட்டிருக்கலாம்.

ஏப்ரல் 2
மதியம் அக்கா வீட்டில். பழைய மாதிரியே கிண்டல், பேச்சு. இருவருமாகத் துணி மடித்துக்கொண்டிருந்தோம். விவாகரத்து வக்கீலிடமிருந்து போன். "சரிங்க, சரிங்க" என்று கேட்டுவிட்டு வைத்தாள். முகம் மாறியது. முன்பெல்லாம் இப்படி ஆனால் என் பக்கம்தான் திரும்புவாள்.
பாதி மடித்த துண்டை என் கையில் கொடுத்துவிட்டு உள்ளே போனாள். தாழ்ப்பாள் போடும் சத்தம்.
மீதியை மடிக்க எனக்குத் தைரியம் வரவில்லை. விரித்து, கொடியிலேயே போட்டுவிட்டு வந்தேன்.