எங்களைப் பார்க்கும் முகங்கள்

பிப்ரவரி 3, வெள்ளானூர்

அருணாசலப் பிரதேச மலைக் கிராமம் ஒன்றில் மூன்று வருடம் எடுத்த ஆவணப்படம் எடிட் முடிந்துவிட்டது. அந்த ஊர்த் தலைவி சம்மதிக்காமல் வெளியே விட முடியாது. இன்று போனில் அவர் வைத்த நிபந்தனையை அங்குள்ள வாத்தியார் இந்தியில் சொன்னார்: "முதலில் உன் தெருவில் போடு. பார்ப்பவர்களைப் படம் பிடித்து அனுப்பு. எங்களைப் பார்க்கிறவர்கள் முகத்தை நாங்கள் பார்க்க வேண்டாமா?"

எரிச்சல்தான். ஆனால் கேட்டது நியாயம்.

பிப்ரவரி 9

தெருமுனையில் வேட்டியைத் திரையாகக் கட்டி, பார்ப்பவர்கள் பக்கம் கேமராவைத் திருப்பி வைத்து, படம் போட்டேன். ஊரே சேர்ந்து ஒரு மூங்கில் வீட்டை அப்படியே தூக்கிக்கொண்டு மேட்டுக்குப் போகும் காட்சி. எங்கள் தெரு 'ஐலசா' போட்டது! படத்தில் ஓரமாக ஒருவர் மட்டும் கல்மேல் உட்கார்ந்து, புகை விட்டபடி எல்லோரையும் அதட்டுகிறார். எதிர் வீட்டு எல்லம்மா அக்கா எழுந்தே விட்டார்.

"ஊரே தூக்கிகினு போவுது, இந்தாளு குந்திகினு பீடி புடிக்கிறான் பாரு! எங்க ஊட்டு ஆளுக்கு அண்ணன் மாரியே கீறான்!"

பக்கத்து நாற்காலியில் அவர் கணவர் செங்கல்வராயன். தெரு விழுந்து விழுந்து சிரித்தது. ஆனால் படத்தில் இருப்பவர் தலைவியின் கணவர்.

பிப்ரவரி 10

அக்கா கத்தியதை மட்டும் வெட்டிவிடலாமா? யாருக்குத் தெரியப்போகிறது?

முகத்தைக் காட்டு என்று கேட்டவருக்கு நல்லதாகப் பொறுக்கிக் காட்டுவதா? போடி ஆஷ்லி என்று என்னையே திட்டிக்கொண்டேன். அக்கா பேசியதை இந்தியில் எழுதிச் சேர்த்து, அப்படியே அனுப்பிவிட்டேன். போனால் மூன்று வருஷமும் போச்சு.

பிப்ரவரி 14

பதில் இல்லை. நாலு நாளாச்சு.

பிப்ரவரி 17

சம்மதம்! சம்மதம்! அக்கா கத்தும் இடத்தைத் தலைவி திரும்பத் திரும்பப் போடச் சொன்னாராம். அதையும் படத்தில் சேர்க்கணுமாம்! மொட்டைமாடியில் நின்று கத்தினேன், அம்மா பதறி ஓடி வந்தாள்.

எல்லம்மா அக்காவிடம் அனுமதி கேட்டேன். "போட்டுக்கோ. நல்ல பொடவைல தானே கீறேன்?"

பிப்ரவரி 23

அதே தெரு, அதே வேட்டி, அதே கேமரா. தலைவி, எல்லம்மா அக்காவுக்கென்று அனுப்பிய வீடியோவை முதலில் போட்டேன். அதில் தலைவி பேசுவதை வாத்தியார் இந்தியில் சொல்ல, நான் தமிழில் சொன்னேன்: "அக்கா, நீங்கள் திட்டிய நாளிலிருந்து இவர் விறகு சுமக்கிறார்." தலைவிக்குப் பின்னால், நிஜமாகவே, முதுகு நிறைய விறகோடு அவர் கணவர். "உங்கள் வீட்டில் எப்படி?"

மொத்தத் தெருவும் செங்கல்வராயனைத் திரும்பிப் பார்த்தது.

"இன்னா, அல்லாரும் என்னியே பாக்குறீங்கோ?"

படம் முடிந்ததும் நாற்காலிகளை அடுக்கியது செங்கல்வராயன்தான். கேமராவை நான் அணைக்கவில்லை.