சுருதிக் கூடம்

அன்புள்ள குழந்தையின் அப்பாவுக்கு,

வீட்டில் எல்லோரும் இருக்கிறோம். 'நலம்' என்று எழுதக் கை வரவில்லை. உங்கள் கப்பல் துறைமுகம் சேரும்போது இது உங்கள் கையில் கிடைக்க வேண்டும். ஃபோனில் சொன்னால் நீங்கள் குறுக்கே பேசுவீர்கள், நான் அழுதுவிடுவேன். அதனால்தான் கடிதம்.

போன மாதம் முழுக்க நான் ஏன் ஃபோன் எடுக்கவில்லை என்று உங்கள் தங்கையிடம் சண்டை போட்டீர்களாம். அவள்மேல் தப்பில்லை. நான்தான் சொல்ல வேண்டாம் என்றேன். அந்த மாதம் முழுக்க நான் கூடத்துக்குள் இருந்தேன். எனக்கு அது ஒரு காலைப்பொழுதுதான்.

நான் கட்டிக்கொண்டிருந்த கூடம் உங்களுக்குத் தெரியும். மூலையே இல்லாத வட்டச் சுவர், கண்ணாடிபோல் தேய்த்த சுண்ணாம்புப் பூச்சு. தரைக்கடியில் ஓடும் தண்ணீர் காற்றைத் தள்ள, செப்புக் குழாய்கள் ஒரே ஒரு சுருதியை விடாமல் பிடித்துக்கொண்டிருக்கும். காதில் விழுவதைவிட விலா எலும்பில்தான் அதிகம் தெரியும். அந்த ஒலி நிற்கும்வரை உள்ளே நேரம் மெல்ல நகரும். தானமாக வரும் உறுப்புகள் கெடாமல் இருக்கத்தான் அதைக் கட்டச் சொன்னார்கள்.

நம் பிள்ளை குருவியின் உடம்பைப் பற்றி டாக்டரம்மா ஒளிக்காமல் சொல்லிவிட்டார். "மருந்து கண்டுபிடிச்சுட்டாங்க. சோதனையெல்லாம் முடிஞ்சு நம்ம கைக்கு வர பத்து வருஷம் ஆகும். இவ உடம்பு அடுத்த வருஷ மழைக்காலம் வரைக்கும் தாங்கினாலே பெரிசு" என்றார். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் குருவி பேருந்து ஜன்னலோரம் உட்கார்ந்து, கடைப் பலகைகளை உரக்கப் படித்துக்கொண்டே வந்தாள். அவள் நிறுத்துவதற்குள், மருந்து வரும்வரை அவளைக் கூடத்துக்குள் வைப்பதென்று நான் முடிவெடுத்துவிட்டேன்.

எங்கள் திட்டத் தலைவரிடம் போனேன். "இது மனுஷங்களுக்குக் கட்டினது இல்லைம்மா. ஏதாவது ஆச்சுன்னா யார் பதில் சொல்றது?" என்றார். நானே பதில் சொல்கிறேன் என்று அடுத்த நாளே உள்ளே போய் உட்கார்ந்துவிட்டேன். குழாய்களைத் துணைப் பொறியாளர் பார்த்துக்கொண்டார். ஒரு புத்தகத்தில் பாதிகூடப் படித்திருக்க மாட்டேன், சுருதி கலங்கி நேரம் பழையபடி ஓடத் தொடங்கியது. வெளியே வந்தால் மழை. எப்போதும் மழமழவென்று சவரம் செய்திருக்கும் மேஸ்திரிக்குத் தாடி மண்டியிருந்தது. "உள்ள இருந்து நீங்க வர்ற வரைக்கும் கத்தி வைக்கிறதில்லைன்னு வேண்டிக்கிட்டேன்" என்று என்னைப் பார்த்ததும் அழுதார். தலைவர் அந்தத் தாடியையும் வாடாத என் தலைப்பூவையும் மாறிமாறிப் பார்த்தார். மறுநாள் அனுமதி தந்தார்.

வீட்டில் குருவி வாயைத் திறந்து காட்டினாள். ஆடிக்கொண்டிருந்த முன்பல் விழுந்து, புதுப்பல் எட்டிப் பார்த்தது. அது விழுந்த நேரம் நான் இல்லை. ஒவ்வொரு முறை நீங்கள் ஊருக்கு வரும்போதும் வாசலிலேயே அவளைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நிற்பீர்களே, ஏன் என்று அன்றைக்குத்தான் புரிந்தது.

இப்போது முக்கியமான விஷயம். வெளியே பத்து வருடம் என்றால் உள்ளே ஏறத்தாழ ஒரு மாதம். இடையில் கதவைத் திறக்க முடியாது. எட்டு வயதுப் பிள்ளையைத் தனியே விடவும் முடியாது. உங்கள் தங்கை, "நான் போறேன் அண்ணி" என்று ஒற்றைக்காலில் நின்றாள். கைக்குழந்தைக்காரியை எப்படி அனுப்புவது? நான் போகலாம் என்றால், மழைக்கும் வெயிலுக்கும் குழாய்கள் சுருங்கி விரியும்போது சுருதியைப் பிடித்து நிறுத்த இப்போதைக்கு என்னால்தான் முடிகிறது. துணைப் பொறியாளருக்கு நன்றாகக் கைவர இரண்டு மழைக்காலமாவது வேண்டும். சுருதியை உங்களிடம் விடலாமா என்றால், நீங்கள் தாலாட்டுப் பாடியபோது பிள்ளை விழித்துக்கொண்டு அழுதது ஊருக்கே தெரியும்.

ஆகவே நீங்கள்தான் அவளோடு உள்ளே போக வேண்டும். நான் வெளியே இருப்பேன்.

உள்ளே சத்தமாகப் பேசக்கூடாது. நம் வாயாடி எப்படி இருப்பாளோ என்று பயந்தேன். இப்போது சாப்பாட்டு நேரம் முழுக்கச் சைகையில்தான் பேசுகிறாள். காதைத் தொட்டால் தண்ணீர், மூக்கைத் தொட்டால் போர் அடிக்கிறது. நேற்று நான் சமைத்ததைப் பார்த்து மூக்கைத் தொட்டாள். "அப்பாவுக்கு யாரு சொல்லிக் குடுப்பா?" என்று கேட்டாள். நீதான் என்றேன். அதிலிருந்து பெரிய வாத்தியார் மாதிரி நடக்கிறாள்.

என்னைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். சுவரில் ஒரு சின்னக் கண்ணாடிச் சன்னல் வைத்திருக்கிறேன். நீங்கள் ஒரு தடவை சிரித்தால் நான் சாப்பிட்டு முடிக்கும்வரை அந்தச் சிரிப்பு இருக்கும். யாருக்குக் கிடைக்கும் இது? நீங்கள் வெளியே வரும்போது என் தலை நரைத்திருக்கலாம், பிள்ளை என்னைப் பாட்டி என்று கேலி செய்யலாம். செய்யட்டும். கேலி செய்ய அவள் இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

வேண்டாம், வேறு வழி பார்க்கலாம் என்று பதில் எழுத வேண்டாம். எல்லா வழியும் பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன். கேப்டனிடம் சொல்லிவிட்டு அந்தத் துறைமுகத்திலேயே இறங்கி வந்துவிடுங்கள்.

வந்த உடனே உள்ளே போக வேண்டியதில்லை. ஒரு வாரம் தள்ளலாம் என்று டாக்டரம்மாவிடம் கேட்டு வாங்கியிருக்கிறேன். அந்த ஒரு வாரம் பிள்ளையைப் பார்த்துக்கொண்டு வாசலில் நிற்காதீர்கள். அவளை உள்ளே போய்ப் பார்த்துக்கொள்ளலாம். என்னைப் பாருங்கள்.

பத்திரமாக வந்து சேருங்கள்.

உங்கள் வரவை எண்ணியிருக்கும்
மனைவி